ஏணி வரைக்கும்

முன்னொரு காலத்திலே, கொட்டகையில் கட்டிய வெள்ளைத் துணியில் ஆட்கள் ஓடுவார்கள், விழுவார்கள். சத்தம் மட்டும் வராது. ஜனங்கள் மணலைக் குவித்து மேடாக்கி, அதன்மேல் உட்கார்ந்து பார்ப்பார்கள். பின்னால் இருப்பவர் திட்டுவார். துணிக்குப் பக்கத்தில் ஒருவர் நின்று கதை சொல்வார்.

அப்படிச் சொல்வதில் மரியசூசை பெரிய ஆள். வயது முப்பதுதான். அவரிடம் தொழில் படிக்க வந்த கோதண்டபாணிக்கு நாற்பத்தைந்து. கோயிலில் கதை வாசித்துப் பழகிய கணீர்க் குரல். அழுகைப் படம் என்றால் கொட்டகையே மூக்கைச் சிந்தும். சிரிப்புப் படத்துக்கு மட்டும் ஒருவரும் சிரிக்கமாட்டார்கள்.

அன்றும் அப்படித்தான். படத்தில் சுண்ணாம்பு அடிக்கிறவன் ஏணியில் நின்றான். கீழே ஒரு தொப்பைப் போலீஸ்காரர் வந்தார்.

"இதோ, சுண்ணாம்பு வாளி அவர் தலையில் கவிழப் போகிறது!" என்று முழங்கினார் பாணி.

கவிழ்ந்தது. யாரோ இருமினார்கள்.

படச்சுருள் முடிந்தது. அடுத்த சுருள் மாட்டும்வரை விளக்கு எரிந்தது. பாணி குருவிடம் வந்தார்.

"வாத்தியாரே, நாளைக்கு மணப்பாறைக் கொட்டகைக்குத் தனியா போறேன். அங்கேயும் சிரிக்கலன்னா முதலாளி என்னை வீட்டுக்கு அனுப்பிடுவார். எங்கே தப்பு?"

"ஏன் முன்னாடியே சொன்னீங்க, அண்ணே?"

"முன்னால காத்தமுத்து உட்கார்ந்திருக்காரே, கண்ணு தெரியாதவர். நான் சொல்லலன்னா அவருக்கு யார் சொல்வா?"

விளக்கு அணைந்ததும் மரியசூசை தானே போய்த் துணிக்குப் பக்கத்தில் நின்றார்.

"அதே ஏணி. அதே ஆளு. கையில இன்னொரு வாளி. கீழே யாரு வர்றா? அடடே, நம்ம ஏட்டையா! வீட்டுக்குப் போய்ச் சட்டை மாத்திட்டு வந்திருக்காரு. புதுச் சட்டை! இஸ்திரி வேற!"

அவ்வளவுதான். வாயை மூடிக்கொண்டு வெற்றிலை மடிக்க ஆரம்பித்தார்.

கொட்டகை அதிர்ந்தது. மணலில் விழுந்து புரண்டார்கள். காத்தமுத்துவுக்குக் கண்ணில் நீர் வழிந்தது.

ஆட்டம் முடிந்து கூட்டம் கலைந்தது. காத்தமுத்து மணலைத் துழாவிக் கொண்டிருந்தார். பாணி அவருடைய தடியை எடுத்துக் கொடுத்தார்.

"காத்தமுத்தண்ணே, வாளி விழுந்ததை யாருமே சொல்லலியே. எப்படிச் சிரிச்சீங்க?"

"சொல்லணுமாக்கும்? பக்கத்துல இருந்தவன் என் தொடையில அறைஞ்சான் பாருங்க, இன்னும் எரியுது." அவர் குரலைத் தாழ்த்தினார். "அந்தச் சட்டையும் போச்சுல்ல?"

பாணி குருவைப் பார்த்தார்.

"அப்ப நமக்கு என்னதான் வேலை, வாத்தியாரே?"

"ஏணி வரைக்கும் கூட்டிட்டுப் போறது, அண்ணே."



காத்தமுத்து தடியைத் தட்டித் தட்டி வாசலுக்குப் போனார். அங்கே நின்று, "இஸ்திரி வேற!" என்று ஒருமுறை தனக்குள் சிரித்தார். அப்புறம் அவரும் போய்விட்டார்.