வடக்கு மதிலுக்குப் பலி

"சாமி, மதில் நிக்க மாட்டேங்குது" என்றார் கோட்டை கட்டும் சொக்கனாச்சாரி.

குகை வாசலில் உட்கார்ந்திருந்த கூழ்ச்சாமி கலயத்திலிருந்து முகத்தை எடுக்கவில்லை. "எத்தனை தடவை விழுந்துச்சு?"

"மூணு. ஆறு வாசல் கட்டினேன், தானியக் கிடங்கு கட்டினேன், ஒண்ணும் அசையல. இந்த வடக்கு மதில் மட்டும் மழைக்கு மழை சரியுது. நாலாந்தடவை கட்டி முடிச்சிருக்கேன். மலைக்காளி பலி கேக்கறாள்னு தளவாய் திருவுளச்சீட்டுப் போட்டுட்டார்."

"யார் பேரு வந்துச்சு?"

"சுண்ணாம்பு அரைக்கிற காத்தாயி. கைக்குழந்தைக்காரி. வெள்ளிக்கிழமை காலையில..."

"மதிலை எப்படிக் கட்டினே?"

கலங்கிய கண்ணோடே மனிதருக்கு மார்பு நிமிர்ந்தது. தொழில்காரர் அல்லவா! "ஊசி நுழைய இடம் விடல, சாமி."

சாமி தண்ணீர்க் கெண்டியை எடுத்து அதன் மூக்கை ஆச்சாரியின் வாயில் வைத்தார். "உதட்டை இறுக்கி மூடிக்கோ. விழுங்காதே. ஒரு சொட்டும் வெளியே விடாதே."

ஊற்றினார். கன்னம் உப்பியது. நிறுத்தவில்லை. ஆச்சாரிக்குக் கண் பிதுங்கியது.

அத்தனையும் சாமியின் தாடியில் பீறிட்டது.

சாமி தாடியைத் துடைத்துக்கொண்டு கூழை எடுத்தார். "சரி, உன் உதட்டுக்கு யாரைப் பலி கொடுக்கலாம்?"

ஆச்சாரி திருதிருவென்று விழித்தார். பிறகு வடக்குச் சரிவைப் பார்த்தார். உச்சியில் பெய்கிற மழையெல்லாம் அந்த வழியாகத்தான் இறங்கி மதிலில் முட்டும்.

செருப்பை விட்டுவிட்டு ஓடினார்.

வியாழன் முழுக்க உளிச் சத்தம். வெள்ளி விடிந்ததும் வாளோடு வந்த தளவாய் கொதித்துப்போனார்.

"அடிவரிசைக் கல்லை உருவி ஓட்டை போட்டிருக்கியே! எதிரியை விருந்துக்குக் கூப்பிடறியா?"

"பூனைதான் வரும், ஐயா. இந்த ஒரு மழை பொறுங்க. மதில் சரிஞ்சா என் தலையை எடுத்துக்குங்க. அவளை விட்டுடுங்க."

மதியம் மழை கொட்டித் தீர்த்தது. ஓட்டைகளிலிருந்து சேறும் தண்ணீரும் பீறிட்டுப் பாறையில் விழுந்தன. மதில் அசையவில்லை.

காத்தாயி குழந்தையை அணைத்துக்கொண்டு சிரித்தாள், அழுதாள், மறுபடி சிரித்தாள். ஆச்சாரிக்கு அப்பாடா என்று மூச்சு வந்தது.

தளவாய்க்குத்தான் மனசு ஆறவில்லை. "பலி கொடுக்காம எப்படிய்யா நிக்குது?"

"கொடுத்தாச்சுங்க."

"யாரை?"

"பதினோரு கல்லை. அத்தனையும் நானே இழைச்சது."