துரை போட்ட நேர்கோடு

மலையுச்சிக்கு ரயில்பாதை அம்பு மாதிரி நேராகத்தான் ஏறவேண்டும் என்று இஞ்சினியர் துரைக்கு ஒரே பிடிவாதம். கோடு பிடித்து முளைக்குச்சிகளும் அடித்தாயிற்று. "மலையைச் சுத்தி வளைச்சுப் போடலாமே" என்று வாயைத் திறந்த சர்வேயருக்கு அன்றைக்கே சீட்டுக் கிழிந்தது.

"உச்சிக்குப் போகணும், சீக்கிரம்!" என்று மறுநாள் டோலியில் ஏறி உட்கார்ந்துகொண்டு குதித்தார் துரை.

டோலி தூக்கும் ஒச்சப்பன் வழக்கமான சுற்றுப்பாதையை விட்டுவிட்டு, கூட்டாளிகளோடு அந்தக் குச்சிகளின் வரிசையிலேயே விறுவிறுவென்று ஏறினான். பாதி மலையில் டோலி செங்குத்தாய் நிமிர்ந்தது. தொப்பி உருண்டது. தூக்கியவர்களின் கால்கள் சறுக்க, துரையும் வழுக்கினார்.

"ஐயோ, சுத்திப் போடா! வளைஞ்சு போடா!"

"ஆகட்டுங்க தொரை," என்றான் ஒச்சப்பன். "ரயிலுக்கும் இதே உத்தரவுதானுங்களா?"