வெட்டிய கரை

பகைப்படை வருகிறது என்று ஒற்றன் வந்து சொன்ன அன்றே, செங்குன்றக் கோட்டைத் தலைவன் கொற்றன் மதிலுக்கு வெளியே இருந்த ஏரியின் கரையை வெட்டிவிட்டான். வருகிறவனுக்கு ஒரு வாய்த் தண்ணீர் கிடைக்கக் கூடாது. கெட்டிக்காரன்தான், யார் இல்லை என்றார்கள்?

பகைவன் வந்தான். அம்பு ஒன்றும் எய்யவில்லை. தூரத்து ஆற்றிலிருந்து வண்டி வண்டியாகத் தண்ணீர் கொண்டுவந்து, கூடாரம் போட்டு உட்கார்ந்துவிட்டான். ஒரே ஒரு தூது மட்டும் அனுப்பினான்: கதவைத் திறந்து கொற்றனை ஒப்படையுங்கள், மற்றவர்களைத் தொடமாட்டோம்.

எட்டு நாள் ஆயிற்று. கொற்றன் தனக்குப் போர்முறை சொல்லித்தந்த ஆசான் வெண்காடரைத் தேடிப் போனான். அவரும் கோட்டைக்குள்தான் இருந்தார்.

"ஆசானே, எந்தப் பக்கம் ஏறுவான்? அங்கே ஆள் போட வேண்டும்."

வெண்காடர் அவனைக் கோட்டைக் கிணற்றுக்கு அழைத்துப் போனார். காலியான குடங்களோடு ஊரே வரிசையில் நின்றது. கொற்றனின் மனைவியும் இடுப்பில் பிள்ளையோடு நின்றாள். பிள்ளை அழக்கூடத் தெம்பில்லாமல் கிடந்தது.

ஆசான் வாளியை இறக்கினார். கயிறு முழுவதும் போயிற்று. மேலே வந்தது கொஞ்சம் சேறு.

"போன மாதம் பாதிக் கயிற்றில் தண்ணீர் இருந்ததே?" என்றான் கொற்றன்.

"போன மாதம் ஏரியும் இருந்தது. இதற்கு ஊற்று அங்கிருந்துதான்."

கொற்றன் கிணற்றுக்குள் எட்டிப் பார்த்தான்.

"பகைவனுக்கு ஒரு சொட்டும் விடாதே என்று நீங்கள்தானே சொல்லித்தந்தீர்கள்?"

"ஆமாம். உன் கிணற்றை முதலில் பார் என்று சொல்லாமல் விட்டேன். அந்தப் பாவம் என்னுடையது."

"எந்தப் பக்கம் ஏறுவான், அதையாவது சொல்லுங்கள்."

"எதற்கு ஏறப் போகிறான்? அவன் வேலையை நீயே முடித்துக் கொடுத்துவிட்டாய்."

"மழை?"

"இரண்டு மாதம் இருக்கிறது."

கொற்றன் இடுப்பில் தொங்கிய கதவுச் சாவியைத் தொட்டுப் பார்த்தான்.

"திறந்தால் என் தலை போகும். அதுகூடப் பரவாயில்லை. கோட்டை நிற்கும் என்று அரசன் முன்னால் சத்தியம் செய்திருக்கிறேன், ஆசானே."

வெண்காடர் வரிசையில் நின்றவர்களைத் திரும்பிப் பார்த்தார்.

"திறக்காவிட்டால்?"

ஆசான் வாளியிலிருந்த சேற்றை ஒரு துணியில் கட்டிப் பிழிந்தார். விழுந்த இரண்டு சொட்டைக் கொற்றனின் பிள்ளையின் உதட்டில் தடவினார்.

"கோட்டை நிற்கும்" என்றார்.