பலாப்பால் பூசிய இறகு

ஒரு காட்டில் ஓர் ஆறு ஓடியது. ஆற்றின் இரண்டு கரையிலும் அத்தி மரங்கள். அந்த மரங்களை நம்பி ஏழு ஆண் இருவாச்சிகளும் ஏழு பெண் இருவாச்சிகளும் குடியிருந்தன.

இருவாச்சியைப் பார்த்திருக்கிறீர்களா, குழந்தைகளே? கழுகு அளவுக்கு உடம்பு. நீண்டு வளைந்த மஞ்சள் அலகு. அலகுக்கு மேலே தொப்பியைக் கவிழ்த்தது போல ஒரு கொம்பு. முட்டையிடும் காலம் வந்தால் பெண் இருவாச்சி ஒரு மரப்பொந்துக்குள் போய் உட்கார்ந்துகொண்டு வாசலை மண்ணால் பூசி அடைத்துவிடும். ஒரு சின்னக் கீறல் மட்டும் மிச்சம் இருக்கும். ஆண் பறவை அந்தக் கீறல் வழியாகப் பழம் ஊட்ட வேண்டும். ஒரு நாள் இரண்டு நாள் அல்ல, மூன்று நான்கு மாதம். அவன் வராவிட்டால் உள்ளே இருப்பவள் பட்டினிதான்.

அதனால் அந்தக் காட்டுப் பெண் இருவாச்சிகள் மாப்பிள்ளை பார்ப்பதில் படு கறார். அலகின் நீளம் பார்ப்பார்கள், கொம்பின் அகலம் பார்ப்பார்கள், சிறகடிக்கும் சத்தம் எவ்வளவு தூரம் கேட்கிறது என்று பார்ப்பார்கள். பார்த்ததையே மறுபடியும் பார்ப்பார்கள்.

இப்படிப் பார்த்துப் பார்த்தே போன வருஷம் அத்திப்பழக் காலம் பாதி ஓடிவிட்டது. குஞ்சுகள் பொரித்தபோது மரத்தில் பழம் இல்லை. இரண்டு குஞ்சுகள் பறக்கத் தெம்பில்லாமல் பொந்துக்குள்ளேயே கிடந்து இறந்துபோயின. அந்தத் துக்கம் எல்லோர் மனசிலும் இருந்தது.

அந்தக் கூட்டத்தில் மூக்காண்டி என்று ஒருவன். அவன் கொம்பு மிகச் சின்னது. ஒரு கொட்டைப்பாக்கை வெட்டி அலகில் ஒட்டி வைத்தது போல இருக்கும். ஆனால் குறுக்கு வழி கண்டுபிடிப்பதில் அவனை மிஞ்ச ஆள் கிடையாது. மூன்று வருஷமாக அவனுக்கு ஜோடி அமையவில்லை. மூன்று வருஷமாக அவன் மனசில் இருந்தவள் மஞ்சரி. அவள் இறகில் மற்றவர்களைவிடக் கொஞ்சம் கூடுதலாக மஞ்சள் தெரியும். புத்தியும் கொஞ்சம் கூடுதல். மூக்காண்டி அவளிடம் ஒரு வார்த்தைகூடப் பேசியதில்லை. பேசலாம் என்று கிளம்புவான், வழியில் ஆற்றுத் தண்ணீரில் தன் கொம்பைப் பார்ப்பான், திரும்பிவிடுவான்.

ஒரு நாள் மைனா ஒருத்தி அந்தக் காட்டுக்குக் குடிவந்தாள். அதற்கு முன் இரண்டு வருஷம் ஏதோ ஒரு கல்லூரியில், விலங்கியல் வகுப்பறையின் வென்டிலேட்டரில் கூடு கட்டியிருந்தவள். வாயைத் திறந்தால் பாடம்தான். பேசும்போது கண்ணை மூடிக்கொள்வாள்.

மூக்காண்டி அவளிடம் தன் கஷ்டத்தைச் சொன்னான். அழகும் கொம்பும் பார்க்காமல் ஜோடி சேருகிற வழி உலகத்தில் எங்கேயாவது உண்டா என்று கேட்டான்.

"உண்டு. அதற்குப் பெயர் பான்மிக்சியா" என்றாள் மைனா.

"மிக்சரா?"

"மிக்சர் கான்டீனில் இருந்தது. இது வகுப்பறையில் இருந்தது" என்ற மைனா கண்ணை மூடிக்கொண்டாள். "ஒரு கூட்டத்தில் இருக்கிற எந்த ஆணுக்கும், எந்தப் பெண்ணும் ஜோடியாக அமைய ஒரே அளவு வாய்ப்பு. அழகு பார்ப்பதில்லை, பலம் பார்ப்பதில்லை, பக்கத்து மரமா தூரத்து மரமா என்று பார்ப்பதில்லை. யாருக்கு யார் என்பது சீட்டுக் குலுக்கிப் போட்டது மாதிரி. அதுதான் பான்மிக்சியா. இனி, இந்தச் சொல்லை எந்த இடத்தில் பயன்படுத்தலாம், எந்த இடத்தில் பயன்படுத்தக் கூடாது என்றால்..."

அவள் கண்ணைத் திறந்தபோது கிளையில் யாரும் இல்லை. மூக்காண்டி பாதிப் பாடத்தோடு பறந்துவிட்டிருந்தான்.

அன்று மாலையே அவன் கூட்டத்தைக் கூட்டினான். போன வருஷம் இறந்த குஞ்சுகளைப் பற்றிப் பேசினான். பெண்கள் பக்கத்தில் ஒரு விசும்பல் கேட்டது. பார்த்துப் பார்த்துக் காலத்தைக் கழித்ததால் வந்த கேடு அது என்றான். இந்த வருஷம் சீட்டுப் போடலாம், ஒரே காலையில் ஏழு ஜோடியும் அமைந்துவிடும், பழம் இருக்கும்போதே குஞ்சு பொரித்துவிடும் என்றான். பான்மிக்சியா என்ற சொல்லை நான்கு முறை சொன்னான். நான்காவது முறை சரியாகவே சொன்னான்.

கொம்பன் மட்டும் முறைத்துக்கொண்டான். கூட்டத்திலேயே பெரிய கொம்பு அவனுடையது. சீட்டுக்குள் கொம்புக்கு என்ன மதிப்பு என்று அவன் கேட்டதை யாரும் காதில் வாங்கவில்லை.

மஞ்சரி நிதானமாக எழுந்தாள். "சீட்டு நல்ல யோசனைதான். ஆனால் ஒன்று. யார் அலகில் எந்த இறகு வருகிறதோ அதுதான் முடிவு. மறுபேச்சு கிடையாது. சம்மதமா?"

எல்லோரும் சம்மதித்தார்கள். எல்லோரையும்விடச் சத்தமாகச் சம்மதித்தவன் மூக்காண்டி.

ஏற்பாடு இதுதான். ஏழு பெண்களும் ஆளுக்கு ஓர் இறகு தர வேண்டும். மைனா அவற்றை ஒரு மருத மரத்தின் ஆழமான பொந்துக்குள் போட்டு வைப்பாள். மறுநாள் காலையில் ஆண்கள் ஒவ்வொருவராக அலகை உள்ளே விட்டு ஓர் இறகை எடுக்க வேண்டும். பொந்துக்குள் இருட்டு. கண்ணுக்கு எதுவும் தெரியாது.

கண்ணுக்குத் தெரியாது, அலகுக்குத் தெரியுமே என்று மூக்காண்டி நினைத்தான்.

பொந்துக்குள் போடும் முன் இறகுகள் ஒரு பாறை மேல் கிடந்தன. மைனா காவல் இருந்தாள். மூக்காண்டி ஒரு பலாப்பிஞ்சைக் கொத்தி, வழிந்த பாலை ஒரு குச்சியில் தொட்டுக்கொண்டு வந்தான். மைனாவிடம் கல்லூரியைப் பற்றிக் கொஞ்சம் சொல்லேன் என்று கேட்டான். மைனா கண்ணை மூடினாள். முதலாம் ஆண்டு முடிந்து இரண்டாம் ஆண்டு பாடத்துக்கு அவள் வருவதற்குள், மஞ்சள் கூடுதலாக இருந்த இறகின் காம்பில் அவன் பாலைப் பூசிவிட்டான். ஒரு சொட்டே போதும். ஆனால் ஒரு சொட்டோடு நிறுத்த ஆசை விடவில்லை. காம்பு பூசினான், நடுத்தண்டு பூசினான், மிச்சத்தை நுனியிலும் துடைத்தான்.

மைனா பாடத்தை முடித்துவிட்டு இறகுகளைக் காலால் பொந்துக்குள் தள்ளினாள்.

காலையில் எல்லோரும் மருத மரத்தில் கூடினார்கள். யோசனை சொன்னவனே முதலில் எடுப்பதுதான் முறை என்று மூக்காண்டி முன்னால் வந்தான். அலகைப் பொந்துக்குள் விட்டான். துழாவினான். பிசுபிசுவென்று ஒன்று தட்டுப்பட்டது. கெட்டியாகக் கவ்விப் பிடித்து இழுத்தான்.

ஓர் இறகுக்குக் கொஞ்சம் கனமாகத்தான் இருந்தது.

வெளியே வந்தது ஒரு துடைப்பம். மஞ்சரியின் இறகு நடுவில் இருந்தது. அதைச் சுற்றி மற்ற ஆறு இறகுகளும் ஒட்டிக்கொண்டிருந்தன. ஒரு சருகும், என்ன நடக்கிறது என்று புரியாத ஒரு வண்டும் சேர்ந்து வந்திருந்தன.

எல்லோரும் கழுத்தை நீட்டிப் பார்த்தார்கள்.

மூக்காண்டி ஏதோ விளக்கம் சொல்லப் பார்த்தான். முடியவில்லை. பலாப்பால் அவன் மேலலகையும் கீழலகையும் சேர்த்து ஒட்டிவிட்டது. "ம்ம்" என்றான். இன்னொரு முறை, கொஞ்சம் அழுத்தமாக, "ம்ம்ம்" என்றான்.

கொம்பன் சிரித்த சிரிப்பில் கிளையிலிருந்து விழுந்தே போனான்.

மற்ற ஆண்களுக்குச் சிரிப்பு வரவில்லை. ஏழு பேரையும் ஒருவனே எடுத்துக்கொண்டால் நாங்கள் எங்கே போவது என்று சண்டைக்கு வந்தார்கள். மஞ்சரி அந்த இறகுக் கட்டை முகர்ந்து பார்த்தாள். பலாப்பால் வாசனை யாருக்குத் தெரியாது? அவள் ஆண்களிடம் போய், ஒரு நாள் பொறுத்திருங்கள் என்று மெதுவாகச் சொன்னாள். பிறகு சபைக்கு நடுவில் வந்தாள்.

"அலகில் வந்ததுதான் முடிவு என்று பேசினோம். ஏழும் இவன் அலகில் வந்திருக்கிறது. ஏழு பேரும் ஏழு பொந்துக்குப் போகிறோம். இன்று முதல் எங்களுக்குப் பழம் கொண்டுவர வேண்டியது இவன் பொறுப்பு. மூக்காண்டிக்கு ஏதாவது மறுபேச்சு உண்டா?"

"ம்ம்" என்றான் மூக்காண்டி.

"இல்லையாம்" என்றாள் மஞ்சரி.

மரப்பட்டையில் தேய்த்துத் தேய்த்து அலகைப் பிரித்துக்கொண்டு அவன் அத்தி மரத்துக்கு ஓடினான். தொண்டை நிறையப் பழத்தை அடைத்துக்கொண்டு முதல் பொந்துக்கு வந்தான். அங்கே பேச்சி இருந்தாள். அவள் வாய் ஓயாதவள். இந்தப் பழம் சரியாகப் பழுக்காத காய்வெட்டு, அந்தப் பழத்தில் புழு, இது எந்த மரத்துப் பழம், ஏன் ஆற்றுக்கு அந்தப் பக்கத்து மரத்தில் பறிக்கவில்லை என்று கேட்டுக் கேட்டுத் தின்றாள். இரண்டாவது பொந்து மலைச்சரிவில். மூன்றாவது ஆற்றுக்கு அப்பால். நான்காவது பொந்தில் இருந்தவள் பழம் மட்டும் போதாது, ஓர் ஓணானும் வேண்டும் என்றாள். ஐந்தாவது பொந்துக்குப் போவதாக நினைத்து மறுபடியும் இரண்டாவதுக்கே போனான். அவள் எதுவும் சொல்லாமல் இன்னொரு பங்கும் தின்றாள். ஆறாவது பொந்துக்காரி, வருவதாக இருந்தால் காலையிலேயே வந்திருக்க வேண்டும் என்று முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

ஆண்கள் ஆறு பேரும் நிழலில் உட்கார்ந்து வேடிக்கை பார்த்தார்கள். கொம்பன் மட்டும், சிறகை இன்னும் கொஞ்சம் வேகமாக அடித்தால் நேரம் மிச்சமாகும் என்று யோசனை சொன்னான்.

உச்சி வெயிலில் ஏழாவது பொந்துக்கு வந்து சேர்ந்தபோது மூக்காண்டிக்குக் கண் இருட்டியது. அவன் அதுவரை ஒரு பழம்கூடத் தின்னவில்லை. பொந்துக்குள் இருந்தவள் மஞ்சரி. தொண்டையில் மிச்சம் இருந்த ஒரே பழத்தை எடுத்து அவளிடம் நீட்டினான்.

"மஞ்சரி, பலாப்பால் பூசியது நான்தான்" என்றான்.

"தெரியும்."

"உன் இறகு மட்டும் வரட்டும் என்றுதான் பூசினேன்."

"அதுவும் தெரியும்." மஞ்சரி பழத்தை வாங்கவில்லை. "மூன்று வருஷமாகப் பக்கத்து மரத்தில்தான் இருக்கிறாய். ஒரு நாள் வந்து கேட்டிருக்கலாமே."

"என் கொம்பு சின்னது."

"அதை நான் சொன்னேனா?"

மூக்காண்டி பழத்தைக் கீறலின் ஓரத்தில் வைத்தான். கேட்டிருந்தால் என்ன சொல்லியிருப்பாய் என்று மெல்ல விசாரித்தான். சீட்டுக்குச் சம்மதித்த பிறகு அதைச் சொல்வது நியாயம் ஆகாது என்று மஞ்சரி சொல்லிவிட்டாள்.

அன்று மாலை பெண்கள் பொந்தை விட்டு வெளியே வர, மறுபடியும் கூட்டம் கூடியது. மூக்காண்டி எல்லோர் முன்னாலும் நடந்ததை ஒளிக்காமல் சொன்னான். மைனாவுக்குத்தான் கோபம் அதிகம். தன் பாடத்தைப் பாதியில் விட்டதை அவளால் மன்னிக்க முடியவில்லை.

"அந்தச் சொல்லை ஒருவனுக்காகப் பயன்படுத்தக் கூடாது, முழுக் கூட்டத்துக்கும்தான் பயன்படுத்த வேண்டும். அதைச் சொல்ல வந்தபோதுதான் இவன் பறந்துவிட்டான். ஓர் இறகில் அடையாளம் வைத்தாலும் அது பான்மிக்சியா இல்லை. அதற்கு வேறு பெயர்" என்றாள்.

என்ன பெயர் என்று கேட்டார்கள். அந்தப் பாடம் நடந்த அன்று தான் புழு பொறுக்கப் போயிருந்ததாக மைனா ஒப்புக்கொண்டாள்.

மறுபடியும் சீட்டு வேண்டாம் என்று கொம்பன் சொல்லிப் பார்த்தான். ஆனால் பழக் காலம் காத்திருக்காதே. புது இறகுகள் எடுத்தார்கள். இந்த முறை மைனா கண்ணை மூடவில்லை, அதனால் பேசவும் முடியவில்லை. மூக்காண்டி கடைசியாக எடுக்க வேண்டும் என்று முடிவானது.

மஞ்சரியின் இறகு ஒரு சோம்பேறிக்கு வந்தது. அத்தி மரத்தை விட்டு நகராதவன் அவன். நாலே நாளில் மஞ்சரி அவனைப் பறக்க வைத்துவிட்டாள். கொம்பனுக்கு வந்தவள் பார்வை மங்கியவள். அவன் கொம்பு எவ்வளவு பெரியது என்று அவளுக்குக் கடைசி வரை தெரியவில்லை. மூக்காண்டி பொந்துக்குள் அலகை விட்டபோது ஒரே ஓர் இறகுதான் மிச்சம் இருந்தது. பேச்சியின் இறகு.

அவன் மறுபேச்சுப் பேசவில்லை. பேச்சி பொந்துக்குள் போய் வாசலைப் பூசி அடைத்துக்கொண்டாள். அவன் காலையிலும் மாலையிலும் பழம் கொண்டுவந்தான். அவள் பழத்தைப் பற்றியும், மழையைப் பற்றியும், பொந்துக்குள் ஊரும் எறும்பைப் பற்றியும், அவனுடைய சிறகுச் சத்தம் நேற்றைவிட இன்று ஏன் குறைவு என்பதைப் பற்றியும் பேசினாள். முதலில் அவனுக்குத் தலை வலித்தது. பிறகு பழகிவிட்டது.

ஒரு நாள் பேய்மழை. ஆறு கரை புரண்டது. காலையில் கிளம்பிய மூக்காண்டி திரும்பி வரும்போது பொழுது சாயத் தொடங்கியிருந்தது. கீறலில் பழத்தை வைத்தான். உள்ளே சத்தம் இல்லை. இன்னொரு பழம் வைத்தான். அப்போதும் இல்லை.

அவன் அலகைக் கீறலுக்குள் நுழைத்தான். "பேச்சி, ஏன் பேசாமல் இருக்கிறாய்?"

"வாய் வரவில்லை" என்றாள் அவள் உள்ளேயிருந்து. "ஆறு உன்னைக் கொண்டுபோய்விட்டதோ என்று உட்கார்ந்திருந்தேன்."

பிறகு பழத்தை வாங்கிக்கொண்டு, விட்ட இடத்திலிருந்து பேச ஆரம்பித்தாள். மூக்காண்டி மழையில் நனைந்துகொண்டே பொந்து வாசலில் உட்கார்ந்து முழுவதையும் கேட்டான்.

நீதி: எல்லோருக்கும் பொதுவாக ஒரு விதி கொண்டுவருபவர், தமக்கு மட்டும் அதில் ஓர் ஓட்டை வைக்கக் கூடாது.