கமிட்டி இன்னும் வரவில்லை

ஊர்ப் பெயரைச் சொன்னால் வீண் வம்பு. ஏதோ ஒரு மலையடிவார ஊரில் சாதிச் சான்றிதழ் சரிபார்க்கும் கமிட்டி ஒன்று இருந்தது. தலைவர் தணிகாசலம், ஆய்வாளர் முனைவர் வேதநாயகம், செயலர் அம்சவேணி அம்மாள் என்று மூன்று பேர். மூவரில் அறிவாளி அம்மாள்தான், தமிழில் எம்.ஏ. அந்த அறிவு எவ்வளவு பெரிது என்பது போகப் போகத் தெரியும். அம்மாளுக்கு அது முன்பே தெரியும் என்பதுதான் துக்கம்.

மலைமேல் கூவம்பாறையில் மருதி என்று ஒரு பெண். தேன்வரையர் என்கிற பழங்குடி. அடிவாரத்து நர்சிங் கல்லூரியில் அவளுக்கு இடம் கிடைத்திருந்தது. சான்றிதழ் சரிதான் என்று கமிட்டி கையெழுத்துப் போட்டால் சேரலாம்.

கமிட்டியிடம் ஓர் அடையாளப் பட்டியல் உண்டு. வெள்ளைக்காரன் காலத்தில் குதிரைமேல் போன யாரோ எழுதிவைத்தது. தேன்வரையர் வெளியாளைக் கண்டால் ஓடி ஒளிவார்கள், குகைக்குள் பதுங்குவார்கள், பயந்தால் பாடுவார்கள்.

மூவரும் கூவம்பாறைக்குப் போனார்கள். மருதியின் அப்பா காளன் பாய் விரித்து டீ கொடுத்தார்.

"ஓடலையே," என்றார் தலைவர், டம்ளரை ஊதியபடி.

"நம்மளைப் பார்க்கலையோ என்னவோ," என்றார் ஆய்வாளர்.

"பார்த்துத்தானே சார் டீ குடுத்தாங்க?" என்றார் அம்மாள். பிறகு காளனிடம், "ஏம்பா, நீங்க ஏன் ஓடலை?"

"எதுக்குங்க ஓடணும்? வர்றோம்னு நீங்கதானே லெட்டர் போட்டிருந்தீங்க?"

போட்டது அம்மாள்தான். ஆகவே அம்மாளே அறிக்கையையும் எழுதினார்: 'ஓடவில்லை. டீ கொடுத்தனர். டீயில் ஏலக்காய் இருந்தது. சான்றிதழ் ரத்து.'

மருதி உயர் நீதிமன்றத்துக்குப் போனாள். நீதிபதி ஏலக்காய் வந்த இடத்தில் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டு மறுபடி படித்தார். கமிட்டியின் உத்தரவைத் தள்ளுபடி செய்து, "பழைய முடிவை மனதில் வைக்காமல் நேரில் போய், கண்ணால் கண்டதை எழுதுங்கள்," என்றார்.

ஜீப் கிளம்பியதும் தலைவருக்குக் கவலை வந்துவிட்டது. "மனசுல வைக்கக் கூடாதுன்னா, மறந்துட்டுல்ல போகணும்?"

மூவரும் கண்ணை மூடி மறந்தார்கள். பாதி மலையில் தலைவர் கேட்டார்: "மேடம், போன தடவை கமிட்டி என்ன முடிவெடுத்துச்சு?"

"ரத்து, சார்."

"பாருங்க, இன்னும் இருக்கு. வண்டியைத் திருப்பு!"

இப்படி மூன்று தடவை அடிவாரத்துக்கு வந்து வந்து போனார்கள். நாலாம் தடவை அம்மாள், "எந்தக் கமிட்டி, சார்?" என்று கேட்டார். தலைவருக்குத் திருப்தி. ஜீப் மேலே போனது.

இம்முறை லெட்டர் போடவில்லை. திடீரென்று எதிரில் போய் நின்றால்தானே ஓடுவார்கள்? அதனால் பாறை இடுக்கு வழியாகப் போனார்கள். வெயில் என்று தலைவர் குடையை விரித்தார். குடைக்கம்பி நேரே மலைத்தேன் கூட்டில் போய்க் குத்தியது.

மூவரும் ஓடினார்கள். ஒரு குகை தெரிந்தது, பதுங்கினார்கள். தலைவர் பயத்தில் பள்ளிக்கூடத்துப் பிரார்த்தனைப் பாட்டை எடுத்தார். அவர் மறந்த வரிகளை அம்மாள் எடுத்துக்கொடுத்தார். அப்போது கம்பளியால் தலையை மூடிக்கொண்டு, புகையும் தழைக்கட்டோடு ஓர் உருவம் வந்தது.

"ஐயோ, வெளியாள்!" என்று இன்னும் உள்ளே ஓடினார்கள்.

வந்தவர் காளன். ஒவ்வொருவராகக் கையைப் பிடித்து வெளியே கொண்டுவந்து டீ கொடுத்தார்.

ஆய்வாளர் வீங்கிய விரலால் பட்டியலைப் பிரித்தார். "ஓடினது, சரி. குகை, சரி. பாட்டு... அதுவும் சரி."

"யாருக்கு, சார்?" என்றார் அம்மாள்.

"கண்ணால கண்டதைத்தான் எழுதச் சொன்னாங்க. எழுதுங்க."

அம்மாள் எழுதினார்: 'கூவம்பாறையில் எல்லா அடையாளமும் பொருந்தியவர்கள் மூவர். தணிகாசலம், வேதநாயகம், அம்சவேணி.'

நீதிபதி இம்முறை கண்ணாடியை இரண்டு தடவை துடைத்தார். "மருதியின் சான்றிதழ் செல்லும். வெள்ளிக்கிழமை மாலை ஐந்து மணிக்குள் கமிட்டி கையெழுத்திட வேண்டும். தவறினால் கல்லூரி அந்த இடத்தை வேறொருவருக்குக் கொடுக்கலாம். அந்த மூவரைப் பற்றி, கமிட்டியே அவர்களை அழைத்து விசாரித்துக்கொள்ளட்டும்."

நீதிமன்றத்தில் எல்லோரும் சிரித்தார்கள். கமிட்டி சிரிக்கவில்லை, குறித்துக்கொண்டது.

அம்மாள் மூவருக்கும் வெள்ளிக்கிழமைக்கு நோட்டீஸ் அனுப்பினார். எழுதும்போது ஒரு கை போதுமாக இருந்தது. தனக்கு வந்ததைத் தபால்காரரிடம் வாங்க இரண்டு கையும் வேண்டியிருந்தது. இருபத்தாறு வருஷமாகத் தான் அனுப்பிய காகிதம் இவ்வளவு கனமாக இருக்கும் என்று அவருக்குத் தெரியாது.

வெள்ளிக்கிழமை காலை பத்து மணிக்கே மூவரும் ஆபீஸ் வாசல் பெஞ்சில் உட்கார்ந்துவிட்டார்கள். கையில் நோட்டீஸ், ரேஷன் கார்டு, தாத்தாவின் பள்ளிச் சான்றிதழ். உள்ளே மூன்று நாற்காலியும் காலி.

"கூப்பிடாம உள்ளே போகக் கூடாது," என்றார் தலைவர். கதவில் அப்படி எழுதி ஒட்டியவரே அவர்தான்.

மத்தியானமும் போயிற்று. "இந்த ஆபீஸ் இப்படித்தான்னு ஜனங்க சொல்வாங்க," என்றார் அம்மாள். "நான்தான் நம்பலை."

நாலரை மணிக்கு மருதி மூச்சிரைக்க வந்தாள். "சார், கையெழுத்து! அஞ்சு மணிக்குள்ள காலேஜ்ல குடுக்கணும்."

"நாங்களே காலையிலேருந்து காத்துக் கிடக்கிறோம்மா. கமிட்டி இன்னும் வரலை," என்றார் தலைவர்.

"நீங்கதானே சார் கமிட்டி?"

"உள்ளே இருந்தாத்தான் கமிட்டி. பெஞ்சுல இருந்தா மனுதாரர்."

மருதி மூவரையும் பார்த்தாள். கடிகாரத்தைப் பார்த்தாள். கதவைத் திறந்து உள்ளே போய் நடு நாற்காலியில் உட்கார்ந்தாள்.

"தணிகாசலம்! வேதநாயகம்! அம்சவேணி!"

செருப்பை வாசலில் விட்டுவிட்டு மூவரும் ஓடிப்போய்க் கைகட்டி நின்றார்கள். அம்மாளுக்குக் கண் கலங்கிவிட்டது. ஒருவழியாகக் கூப்பிட்டுவிட்டார்களே!

"இதுல கையெழுத்துப் போடுங்க. சீலும் குத்துங்க."

"படிக்காமலா?" என்றார் தலைவர் பயந்துபோய்.

"எப்பவும் அப்படித்தானே போடுவீங்க?"

போட்டார்கள். மருதி மையை ஊதிக் காயவைத்துக்கொண்டு எழுந்தாள்.

"அம்மா, எங்க கேஸு...?" என்று இழுத்தார் அம்மாள்.

மருதி படி இறங்கிக்கொண்டே சொன்னாள்: "திங்கக்கிழமை வாங்க."

மூவரும் அவள் போன திசையைப் பார்த்துக் கும்பிட்டார்கள். "தங்கமான அதிகாரி," என்றார் தலைவர். "இந்த ஆபீஸ்ல இப்படி ஒருத்தரை நான் பார்த்ததே இல்லை."

"திங்கக்கிழமை எட்டு மணிக்கே வந்துடணும், சார்," என்றார் அம்மாள். "இல்லேன்னா பெஞ்சுல இடம் கிடைக்காது."