வருகிறேன் என்றால் விடாத காடு

ரொம்ப ரொம்பக் காலத்துக்கு முன்னால், மேகங்கள் களைத்துப்போய் வீட்டுக் கூரையில் உட்கார்ந்து இளைப்பாறிய காலத்தில், வெண்ணாரை நாட்டை இடிமுழக்கவர்மன் என்ற ராஜா ஆண்டு வந்தான். பெயருக்கேற்ற தொண்டை. காலையில் அவன் கொட்டாவி விட்டால் நாலு தெரு தள்ளி எருமைகள் கயிற்றை அறுத்துக்கொண்டு ஓடும். கோபம் வந்தாலோ, எருமைக்கு முன்னால் ஜனங்கள் ஓடுவார்கள்.

அவன் அமைச்சர் சேந்தன், கேட்டதற்கு மட்டும் பதில் சொல்வார். ஆனால் உள்ளதைச் சொல்லிவிடுவார். அதே சபையில் சர்க்கரை நம்பி என்றொரு பிரபு. ராஜா தும்மினால்கூட, "அடடா, என்ன தாளக்கட்டு!" என்று தொடையில் தட்டுவார். அமைச்சர் ஆசனத்தின் மேல் நம்பிக்கு வெகுநாளாக ஒரு கண்.

ஒருநாள் நம்பி ஆரம்பித்தார். "மகாராஜா, போன மாதம் ஒரே அம்பில் புலியைச் சாய்த்த கை இது! வேரூன்றிக் காடு என்கிறார்களே, அந்தக் காட்டில் இந்தக் கை வேட்டையாடாமல் இருக்கலாமா? படை எதற்கு? புகழில் பங்கு கேட்பார்கள்."

'நீ என்ன சொல்கிறாய்?' என்பதுபோல் ராஜா பார்க்க, சேந்தன் மெல்லச் சொன்னார்: "மகாராஜா, அந்தக் காட்டுக்குள் போனவர்களைப் பார்த்திருக்கிறோம். வெளியே வந்தவரைப் பார்த்ததில்லை."

"பயமா, சேந்தா?"

"ஆமாம், மகாராஜா."

"நல்லது! நீயும் வா. பயத்தை நேரிலேயே பார்த்துக்கொள்!"

மூவரும் போனார்கள். அந்தக் காட்டில் இலைகள் மயில்கழுத்து நிறம். ஓடை மலைமேல் ஏறிக்கொண்டிருந்தது. பழங்கள் ஒன்றையொன்று பார்த்துச் சிரித்தன. மான் இல்லை, மயில் இல்லை, மரங்கள்தான். உற்றுப் பார்த்தால் ஒவ்வொரு அடிமரத்திலும் ஒரு முகம். ஒன்றுக்கு மூக்குத்தி, ஒன்றுக்குத் தலைப்பாகை.

வெயில் சாயத் தொடங்கியதும் ராஜா காலைச் சொறிந்தான். "என்னடா இது, குறுகுறுவென்கிறது?" குனிந்து பார்த்தால், கட்டைவிரல் நுனியில் வெள்ளையாக ஒரு வேர்! மற்ற இருவர் காலிலும் அதே கதை. பொழுது விழுவதற்குள் வெளியேறாவிட்டால், வெண்ணாரை நாட்டு ராஜா ஒரு புளியமரம்.

மூவரும் காட்டெல்லைக்கு ஓடினார்கள். அங்கே இரண்டு பாறைகள். அவற்றின் நடுவிலிருந்து காடே கேட்டது: "புறப்பட்டாயா?"

ராஜா என்றாலும் மரியாதை தெரிந்தவன். "ஆமாம், வருகிறேன்" என்றான்.

"வா" என்றது காடு. அவ்வளவுதான். ராஜாவின் கால்கள் தாமாகவே திரும்பி உள்ளே நடந்தன!

நம்பி கை கூப்பினார். "உத்தரவு. போய் வருகிறேன்."

"வா." அவரும் திரும்பி நடந்தார்.

சேந்தன் மட்டும் பதில் சொல்லும் முன் காதைத் தீட்டிக்கொண்டார். காற்று வீசியது. மூக்குத்தி மரமும் தலைப்பாகை மரமும் முணுமுணுத்தது காதில் விழுந்தது: "வர்றேன்... வர்றேன்..." அவருக்குப் பளிச்சென்றது. இந்தக் காட்டுக்கு நம் மரியாதை தெரியாது. கடைசி வார்த்தையை மட்டும் பிடித்துக்கொள்கிறது!

ராஜாவை மறுபடி பாறையருகே இழுத்து வந்து, "மகாராஜா, 'போகிறேன்' என்று ஒரே வார்த்தை சொல்லுங்கள்" என்றார்.

பின்னாலேயே ஓடி வந்த நம்பி காதைப் பொத்திக்கொண்டார். "சிவ சிவா! சாகக் கிடக்கிறவன் சொல்கிற வார்த்தை! மகாராஜா போய்விட்டால் அரியணை யாருக்கு? புரிகிறதா, மகாராஜா, அமைச்சரின் ஆசை?"

"ஓஹோ!" என்றான் ராஜா. "செத்தாலும் அதைச் சொல்ல மாட்டேன்!" வேர் முழங்காலுக்கு ஏறியிருந்தது.

கெஞ்சினால் காரியம் நடக்காது என்று சேந்தனுக்குத் தெரியும். தொண்டையைச் செருமிக்கொண்டார்.

"சரி, மரமாவதற்குள் ஒரு உண்மையைக் கேட்டுக்கொள்ளுங்கள். போன மாதம் தாங்கள் கொன்ற புலி, தாங்கள் போவதற்கு முன்பே செத்திருந்தது."

"என்ன?"

"உள்ளே வைக்கோல். தாங்கள் எய்த அம்பு அதன்மேல் படவுமில்லை. பக்கத்துப் பனைமரத்தில் குத்தி நின்றது."

ராஜாவின் மீசை நட்டுக்கொண்டது. "அடே சேந்தா! உன் தலையை வாங்கப் போகிறேன்!"

"போ" என்றது காடு.

வேர்கள் படபடவென்று அறுந்தன. ராஜா பாறைகளைத் தாண்டி, வெளியே ஒரு வயல் சேற்றில் போய் உட்கார்ந்தான்.

"நானும் போகிறேன்" என்று சொல்லிவிட்டு, சேந்தன் நிதானமாக வெளியே நடந்து வந்து, சேற்றுக்கு முன்னால் கழுத்தை நீட்டினார். "வாக்குக் கொடுத்துவிட்டீர்கள். தலையை வாங்கிக்கொள்ளுங்கள், மகாராஜா."

தன் காலைத் தடவிப் பார்த்துக்கொண்டிருந்த ராஜாவுக்கு இப்போதுதான் எல்லாம் விளங்கியது. முகம் வாடிப்போனது. "சேந்தா, ராஜவாக்காயிற்றே! எப்படியப்பா மீறுவேன்?"

"ஏன் மீற வேண்டும்? வாங்குவது என்றால் சும்மாவா? விலை கொடுத்து வாங்குங்கள். வாங்கிய பிறகு தலை தங்களுடையது. என் கழுத்தின் மேலேயே பத்திரமாக வைத்துக்கொள்கிறேன்."

ராஜா சிரித்த சிரிப்பில் வயல் நண்டுகள் வளைக்குள் ஓடின. "விலையைச் சொல்!"

"நம்பியிடமிருந்து ஒரே ஒரு வாக்கியம்."

உள்ளே நம்பிக்கு இடுப்புவரை பட்டை. "போ... போ..." என்று தொடங்குவார், பழகிய நாக்கு, "போய் வருகிறேன்" என்று முடித்துவிடும். "வா" என்னும் காடு.

சேந்தன் குரல் கொடுத்தார்: "பிரபுவே, நான் சொல்வதை அப்படியே சொல்லுங்கள். 'இன்றோடு பொய்ப் புகழ்ச்சியை விடப் போகிறேன்.'"

நம்பி ராஜாவைப் பார்த்தார். ஏறுகிற பட்டையைப் பார்த்தார். கண்ணை இறுக மூடிக்கொண்டு, "இன்றோடு... பொய்ப் புகழ்ச்சியை... விடப் போகிறேன்!" என்று அலறினார்.

"போ!"

காதில் இரண்டு தளிரோடு வந்து விழுந்தவரை ராஜா தூக்கி நிறுத்தினான்.

"நம்பி, வாக்குக் கொடுத்திருக்கிறாய். சொல். அது புலியா, இல்லையா?"

நம்பி காதிலிருந்த தளிரைக் கிள்ளிப் போட்டார். "தோல் புலிதான், மகாராஜா."

"அம்பு?"

"அந்தப் பனைமரம்கூடத் தாங்கள் குறி வைத்தது இல்லை, மகாராஜா."

அன்றிலிருந்து அந்தச் சபையில் நம்பிக்கு வாய் வலி இல்லை, ராஜாவுக்குக் காது குளிர்ச்சி இல்லை, நாட்டுக்கு மட்டும் நல்ல காலம். அவர்கள் அரண்மனைக்கு நடந்தார்கள். கதையும் அவர்கள் பின்னாலேயே நடந்து போய்விட்டது.