அஞ்சு ஜட்ஜுக்கு ஒரு வாய்

அமெரிக்கா அப்பதான் தனி நாடாகி, புது மாப்பிள்ளை மாதிரி எதுக்கெடுத்தாலும் வெறைச்சுக்கிட்டு நின்ன காலம். அங்க ஆத்தங்கரையில ஒரு ஊரு. ஊருக்கு ஒரு கோர்ட்டு. கோர்ட்டுக்கு அஞ்சு ஜட்ஜு.

அஞ்சு பேரும் ஒரே விடுதியிலதான் தங்குவாங்க. சாப்பாடு ஆனதும் கதவைச் சாத்திக்கிட்டு, அதே மேஜையில வழக்கைப் பேசுவாங்க. பேசுறதா அது? ஒருத்தரை ஒருத்தர் கிழிச்சுத் தொங்க விடுவாங்க. எந்தப் பக்கம் தலை அதிகமோ அதான் தீர்ப்பு. ஆனா கோர்ட்டுல அஞ்சு பேருக்கும் சேர்த்து ஒரே ஆளுதான் வாசிப்பாரு. யாரு எந்தப் பக்கம் நின்னாங்கன்னு ஒரு வார்த்தை வெளிய போகக்கூடாது.

பெரிய ஜட்ஜு ஹைரம் கொண்டு வந்த வழக்கம் இது. வாசிக்கிறதும் எப்பவும் அவருதான்.

நம்ம ஆளு ஆமோஸ். ஹைரம்கிட்டயே சட்டம் படிச்சவரு. இப்ப தலை நரைச்சு, அவருக்குப் பக்கத்து நாற்காலியில ஜட்ஜா உக்காந்திருக்காரு. இருந்தும் 'வாத்தியாரே'ன்னுதான் கூப்பிடுவாரு. வாய் 'வாத்தியாரே'ங்கும், வயிறு எரியும்.

எரிச்சல் ஆரம்பிச்சது ஒரு மாவு மில்லு வழக்குல. மில்லுக்காரன் ஈனோக் ஆத்துல அணை கட்டினான். தண்ணி ஏறி அக்கம்பக்கத்து வயலெல்லாம் முங்கிப்போச்சு. மேஜையில ஹைரம் மில்லுக்காரன் பக்கம். ஆமோஸ் வயக்காரங்க பக்கம். தொண்டை கட்டுற வரைக்கும் கத்தி, மத்த மூணு பேரையும் ஆமோஸ் தன் பக்கம் இழுத்துட்டாரு. வாத்தியார் தோத்தாரு.

மறுநாள் கோர்ட்டுல ஹைரம் எழுந்து, "அணையை எடுக்கணும்"னு வாசிச்சாரு. கணீர்னு. என்னமோ அவரே முங்கின வயல்ல முட்டளவு தண்ணியில நின்னவரு மாதிரி.

வயக்காரங்க அவரைத் தலையில தூக்கி வெச்சுக்கிட்டாங்க. கடுதாசி மேல கடுதாசி. ஒரு உறையில இப்படி எழுதியிருந்துச்சு: 'பெரிய ஜட்ஜு ஹைரம் அவர்களுக்கும், கூட உக்காந்திருக்கிறவங்களுக்கும்.'

"கூட உக்காந்திருக்கிறவங்களா!" ஆமோஸுக்குக் காப்பி புரையேறிடுச்சு. "நான் என்ன நாற்காலிக்குச் சூடு வெக்கவா வந்தேன்?"

உள்ள என்னடான்னா, ஒரு வயக்காரன் வீட்டுல ஆம்பளைப் புள்ள பொறந்திருக்காம். பேரு ஹைரம்னு வெச்சிருக்காங்களாம்.

"ஏன், ஆமோஸ்னு வெச்சா புள்ள பால் குடிக்காதா?"

ஹைரம் ரொட்டிக்கு வெண்ணெய் தடவிக்கிட்டிருந்தாரு. "என்னப்பா?"

"வாத்தியாரே, ஒண்ணு கேக்கலாமா?"

"கேளு."

"அந்த மில்லு வழக்குல நீங்க எந்தப் பக்கம்?"

"உனக்குத் தெரியுமே."

"எனக்குத் தெரியும், ஊருக்குத் தெரியாதே! கத்தினது நான். தொண்டை போனது எனக்கு. பேரு மட்டும் உங்களுக்கு. இது நியாயமா?"

"இல்ல."

இப்படிப் பொசுக்குனு ஒத்துக்கிட்டா ஒரு மனுஷன் எப்படிங்க சண்டை போடுறது?

"அப்ப என்ன பண்றது?"ன்னாரு ஆமோஸ், சத்தம் கொறைஞ்சு.

"அடுத்த தீர்ப்பை நீ வாசி. உன் பேரையே போட்டுக்கலாம்."

அன்னிக்கே ஆமோஸ் முடி வெட்டிக்கிட்டாரு. பூட்ஸுக்குப் புதுசா பித்தளை பக்கிள் மாட்டினாரு. கண்ணாடி முன்னாடி நின்னு, ஹைரம் மாதிரி ஒரு கனைப்பு, ஹைரம் மாதிரி மூக்குக்கண்ணாடியை ஒரு தள்ளு. "வாசிக்கிறது ஒரு பெரிய வித்தையா?"ன்னு கண்ணாடியையே கேட்டாரு. கண்ணாடி பாவம், அது என்ன சொல்லும்?

அடுத்த வழக்கு வந்துச்சு. ஜெத்ரோங்கிறவன் தாத்தா காலத்துலேருந்து அக்கரைக்குப் படகு விடுறவன். அங்க ஒரு கம்பெனி பாலம் கட்டணும்னு வந்து நிக்குது. பாலம் வந்தா படகுல யாரு ஏறுவா?

மேஜையில ஆமோஸ் படகுக்காரன் பக்கம் நின்னாரு. மேஜையைத் தட்டினாரு, தட்டு குதிச்சுது. ஒண்ணும் எடுபடல. மத்த நாலு பேரும் பாலத்துப் பக்கம்.

ஹைரம் தீர்ப்பை எழுதி, ஆமோஸ் பக்கம் தள்ளினாரு. "நாளைக்கு நீ வாசிக்கிற."

"இதையா? நான் படகுக்காரன் பக்கமாச்சே வாத்தியாரே!"

"தெரியும்."

"வேற ஆளைப் பாருங்க."

"உன் பேரு எழுதியாச்சு. நல்லா கொட்டை எழுத்துல."

காலையில கோர்ட்டுல ஜெத்ரோ முதல் வரிசையில உக்காந்திருந்தான். திக்கிட்டா என்ன, இழுத்து இழுத்து வாசிச்சா என்ன, தனக்கு இதுல இஷ்டம் இல்லன்னு அவனுக்காவது புரியுமேன்னு ஆமோஸுக்கு ஒரு நிமிஷம் தோணுச்சு. அப்ப ஓரக்கண்ணுல வாத்தியார் தெரிஞ்சாரு. 'மில்லு தீர்ப்பை அந்த ஆளு ஒரு பிசிறு இல்லாம வாசிச்சாரே. நான் திக்கினா, அப்பவும் அவருதானே பெரிய ஆளு!'

அந்தப் பொறாமைதாங்க முதுகை நிமிர்த்துச்சு.

"பாலம் கட்டலாம்." கணீர்னு விழுந்துச்சு குரல்.

வெளிய தொப்பி எல்லாம் மேல பறந்துச்சு. கம்பெனிக்காரன் கையைப் புடிச்சுக் குலுக்கினான், தோள்பட்டையே கழண்டுடும் போல. "ஐயா, பாலத்துக்கு உங்க பேருதான்! ஆமோஸ் பாலம்!"

எத்தனை நாளா ஏங்கினது! ஆமோஸ் சிரிச்சுப் பாத்தாரு. பல்லு தெரிஞ்சுது, சிரிப்பு வரல.

சாயங்காலம் விடுதி வாசல்ல யாரோ நின்னாங்க. ஜெத்ரோ. சண்டைக்கு வந்த மாதிரி தெரியல. தொப்பியைக் கழட்டி நெஞ்சோட புடிச்சிருந்தான்.

"ஐயா, தீர்ப்பை மாத்தச் சொல்லி வரல. ஒண்ணே ஒண்ணு தெரியணும்."

"என்ன?"

"அஞ்சு பேர் உக்காந்தீங்களே. எனக்காக ஒரு வார்த்தை பேச, ஒருத்தர்கூடவா இல்ல?"

"கொஞ்சம் இரு, வந்துடுறேன்."

ஆமோஸ் படியேறி ஓடினாரு. ஹைரம் ஜன்னலோரமா உக்காந்து ஏதோ எழுதிக்கிட்டிருந்தாரு.

"வாத்தியாரே, கீழ ஜெத்ரோ நிக்கிறான். எனக்காக ஒருத்தர்கூடவா இல்லன்னு கேக்குறான். ஒருத்தர் இருந்தாருன்னு மட்டும் சொல்லிடட்டுமா? பேரு சொல்லல, சத்தியமா. ஒருத்தர்னு மட்டும்."

ஹைரம் பேனாவைக் கீழ வெச்சாரு.

"அந்த ஈனோக்கும் வந்தான், ஆமோஸ்."

"எந்த ஈனோக்கு?"

"மில்லுக்காரன். அணையை இடிச்ச அன்னிக்கு. இதே வாசல். இதே கேள்வி."

"நீங்க என்ன சொன்னீங்க?"

"குளிருது, உள்ள வந்து கொஞ்சம் சூப்பு குடின்னேன்."

"குடிச்சானா?"

"இல்ல." ஹைரம் எழுந்து வந்து, ஆமோஸுக்காகக் கதவைத் தொறந்து புடிச்சாரு. "அடுப்புல இருக்கு. சூடா எடுத்துட்டுப் போ."